பொருளும் பெயர்ப்பும்: பிமல் கிருஷ்ண மதிலாலின் மொழி, மன மெய்யியல் நூல்கள்

முன்னுரை

இந்திய மெய்யியலை ஆங்கிலத்தில் எடுத்துரைத்தோருள் பலர் அதனை ஆன்மிக அனுபவத்தின் வெளிப்பாடாகவே உலகுக்கு அறிமுகம் செய்தனர். வாதமும் எதிர்வாதமும், இலக்கண நுண்மையும் தருக்க வரையறையும் கொண்டு வளர்ந்த ஒரு துறையாக அதனைக் காட்டியவர்களுள் முதன்மையாகக் குறிக்கத்தக்கவர் பிமல் கிருஷ்ண மதிலால் (1935-1991). வங்காளத்தில் பிறந்த அவர் கல்கத்தா சமஸ்கிருதக் கல்லூரியில் மரபுவழி நியாயம் பயின்று ‘தர்க்கதீர்த்த’ என்னும் பட்டம் பெற்றார். பின் ஹார்வர்டில் இங்கால்ஸின் மேற்பார்வையில் நவீன நியாயத்தை ஆராய்ந்து 1965இல் முனைவர் பட்டம் பெற்றார். அங்குக் குவைனிடமும் பயின்றார். டொராண்டோவில் சிலகாலம் பணியாற்றிய பின், முன்பு இராதாகிருஷ்ணன் வகித்த ஸ்பால்டிங் பேராசிரியர் பதவியை ஆக்ஸ்போர்டில் ஏற்று, மறையும்வரை அதிலிருந்தார். பண்டிதர் மரபும் பகுப்பாய்வு மெய்யியலும் ஒருவரிடமே இவ்வாறு இணைந்தது அரிதாக நிகழ்ந்த ஒன்றாகும்.

அவருடைய நூல்களுள் மொழியையும் மனத்தையும் பற்றியவை நான்கினை இக்கட்டுரை முதன்மையாக எடுத்துக்கொள்கிறது: ‘நவ்ய நியாயத்தின் எதிர்மறைக் கோட்பாடு’ (1968), ‘இந்திய மெய்யியல் பகுப்பாய்வில் அறிவாய்வியலும் தருக்கமும் இலக்கணமும்’ (1971), ‘காட்சி’ (1986), ‘சொல்லும் உலகும்’ (1990). எல்லாம் ஆங்கிலத்தில் எழுதப்பட்டவை. தலைப்புகள் இங்குத் தமிழாக்கித் தரப்படுகின்றன. சமணரின் அநேகாந்தவாதம், மகாபாரதத்தின் அறச்சிக்கல்கள் ஆகியவை குறித்த அவருடைய பணிகள் தனியே ஆராயத்தக்கவை.

இந்நூல்களை மொழிபெயர்ப்பு என்னும் நோக்கிலிருந்து படிக்கும்போது ஒரு செய்தி புலனாகிறது. மதிலாலின் வலிமையான வாதங்கள் பலவும், ஒரு வடமொழிக் கலைச்சொல்லுக்கு எந்த ஆங்கிலச் சொல் பொருந்தும், எது பொருந்தாது என்ற வினாவிலிருந்தே பிறக்கின்றன. ஆனால் மொழிபெயர்ப்பைப் பற்றியே அவர் எழுதியுள்ள இயலில் பரிவோடு விளக்கும் கொள்கை, அவர் கையாண்ட மொழிபெயர்ப்பு முறைக்கு இடம் தருவதில்லை. கொள்கைக்கும் செயலுக்கும் இடையிலான இவ்விடைவெளி அவரை மதிப்பிடுவதற்கு மட்டுமன்றி, அறிவுத்துறை நூல்களைத் தமிழாக்குவோர் எதனை நம்பித் தம் பணியைச் செய்கின்றனர் என்பதை அறிவதற்கும் உதவும்.

‘ஞானம்’ என்னும் சொல்

‘காட்சி’ என்னும் நூல் நியாய மரபின் புறப்பொருள் உண்மைக் கொள்கையை நாகார்ச்சுனரின் ஐயவாதத்திற்கும், திக்நாகர், தருமகீர்த்தி ஆகியோரின் பௌத்தக் கொள்கைகளுக்கும் எதிராக நிறுத்திக் காக்க முயல்வது. நாம் காண்பது பொருளையா, பொருளின் தோற்றத்தையா, அல்லது நம் உணர்வின் ஒரு வடிவத்தையா என்ற பழைய வழக்கே அதன் களம். ஆயினும் நூலின் அடித்தளம் அவ்வழக்கில் இல்லை. ‘ஞானம்’ என்ற சொல்லை எவ்வாறு பெயர்ப்பது என்ற தொடக்கநிலைக் கேள்வியில் இருக்கிறது.

அச்சொல்லை ‘நாலெட்ஜ்’ எனப் பெயர்ப்பது நெடுங்காலமாக வழக்கில் இருந்தது. மதிலால் அதனை மறுக்கிறார். ஆங்கில மெய்யியலில் ‘நாலெட்ஜ்’ என்பது உண்மையாக மட்டுமே இருக்கக்கூடியது. பொய்யான ‘நாலெட்ஜ்’ என்பது தன்னுள் முரண்படும் தொடர். நியாயத்திலோ கயிற்றைப் பாம்பெனக் காண்பதும் ஞானமே. தொலைவில் நிற்பது மரமோ மனிதனோ என ஐயுறுவதும் ஞானமே. இவற்றுள் மெய்யானது மட்டுமே ‘பிரமை’ எனப்படும். ‘நம்பிக்கை’ எனப் பெயர்த்தாலும் பொருந்தாது. நம்பிக்கை ஒருவரிடம் உறங்கும்போதும் இருக்கும் ஒரு நிலை. ஞானமோ தோன்றிச் சில கணங்கள் நின்று மறையும் நிகழ்ச்சி. ஆகவே மதிலால் ‘அறிதல் நிகழ்ச்சி’ என்னும் பொருள்படும் ஆங்கிலச் சொற்களைத் தேர்கிறார்.

இது அகராதி நிலையிலான திருத்தம் போலத் தோன்றலாம். ஆனால் இதிலிருந்து விளைவது பெரிது. ‘நம்பிக்கைக்கு எது சான்று?’ என்பது மேலை அறிவாய்வியலின் வினா. ‘இந்த அறிதல் எக்காரணங்களால் தோன்றியது? அக்காரணங்கள் அதனை மெய்யாக்கக்கூடியவையா?’ என்பது நியாயத்தின் வினா. பிரமாணம் என்பது சான்றாக மட்டும் நில்லாமல் கருவியாகவும் கருதப்பட்டது ஏன் என்பது அப்போதுதான் விளங்குகிறது. ஸ்ரீஹர்ஷர் கூறும் எடுத்துக்காட்டு ஒன்றை மதிலால் இவ்விடத்தில் சிறப்பாகப் பயன்படுத்துகிறார். சூதாடுபவன் மூடிய கையைக் காட்டி எத்தனை சோழிகள் எனக் கேட்கிறான். எதிரிலிருப்பவன் ஐந்து என வாய்க்கு வந்ததைச் சொல்கிறான். கையைத் திறந்தால் ஐந்தே இருக்கின்றன. அவன் கூறியது உண்மை. ஆனால் அது அளவையால் பிறந்த அறிவாகுமா? கெட்டியர் 1963இல் எழுப்பி மேலை மெய்யியலைக் கலக்கிய வினாவுக்கு இது நெருங்கிய உறவுடையது. ஞானத்தை ‘நம்பிக்கை’ என்று பெயர்த்திருந்தால் இரண்டும் ஒன்றே எனத் தோன்றியிருக்கும். ‘நாலெட்ஜ்’ என்று பெயர்த்திருந்தால் ஸ்ரீஹர்ஷரின் வினாவே எழுந்திராது. இரண்டுக்கும் உள்ள ஒப்புமையையும் வேற்றுமையையும் ஒருசேரக் காட்ட முடிந்தது சொல்தேர்வின் பயனாகும்.

மனம் பற்றிய பகுதிகளிலும் இவ்வகை எச்சரிக்கை காணப்படுகிறது. நியாயத்தின் ‘மனஸ்’ ஆங்கிலம் கூறும் ‘மைண்ட்’ அன்று. அது அணு அளவினதான, தனக்கென உணர்வில்லாத ஓர் உட்கருவி. இன்பமும் துன்பமும் அறிதலும் ஆன்மாவின் குணங்களே. மனத்தின் குணங்கள் அல்ல. ஓர் அறிதல் தன்னைத்தானே அறிவதும் இல்லை. அதனை அறியப் பிறிதோர் அறிதல் வேண்டும் என்பது நியாயத்தின் நிலைப்பாடு. விளக்கு தன்னையும் காட்டிப் பிறவற்றையும் காட்டுவதுபோல அறிதல் தன்னொளியுடையது என்பர் பௌத்தர். இவ்வழக்கை மதிலால் விரித்துரைக்கும் பக்கங்கள் அந்நூலின் மிகச் சிறந்த பக்கங்கள் எனலாம். ‘உள்ளம் தனக்குத் தெளிவானது’ என்ற எண்ணத்தை ஐரோப்பியச் சிந்தனையில் டெக்கார்ட்டுக்குப் பின் அசைப்பது கடினமாக இருந்தது. நியாயர்கள் அதனை ஒருபோதும் ஏற்கவில்லை என்பதை அவர் ஆரவாரமின்றிக் காட்டிவிடுகிறார்.

தமிழில் இச்சிக்கல் வேறு வடிவம் கொள்கிறது. ‘ஞானம்’, ‘மனம்’ ஆகிய இரண்டும் தமிழிலும் வழங்குவதால் அவற்றைப் பெயர்க்க வேண்டிய தேவையே இல்லை எனத் தோன்றும். ஆனால் தமிழில் ஞானம் என்பது மெய்யுணர்ந்தோர் பெறும் உயரறிவு. ‘கயிற்றைப் பாம்பெனக் காணும் ஞானம்’ என எழுதினால் படிப்பவர் மயங்குவர். ‘அறிவு’ ஆற்றலையும் தேர்ச்சியையும் குறிக்கும். ‘உணர்வு’ இன்றைய வழக்கில் உணர்ச்சியின் பக்கம் சாய்ந்துவிட்டது. ‘அறிநிகழ்வு’ போன்ற ஓர் ஆக்கம் செவிக்கு இனிதாக இராது. ஆயினும் அதுவே மதிலால் காட்டிய வேறுபாட்டைக் காக்கும். சொல் வடிவம் ஒன்றாக இருப்பதே மொழிபெயர்ப்பாளருக்குப் பெரும் இடராகும் இடங்களுள் இது ஒன்று.

இன்மையும் அன்மையும்

1968இல் வெளிவந்த முதல் நூல் கங்கேசரின் தத்துவசிந்தாமணியில் உள்ள அபாவவாதத்தையும், இரகுநாத சிரோமணியின் நஞ்வாதத்தையும் மொழிபெயர்த்து விளக்குவது. படிப்பதற்கு எளிதான நூல் அன்று. ‘வரையறுப்பது’ என்ற பொருளில் ‘அவச்சேதகம்’ என்பதற்கும், ‘எதன் இன்மையோ அது’ என்ற பொருளில் ‘பிரதியோகி’ என்பதற்கும் புழங்காத ஆங்கிலச் சொற்கள் அதில் வந்துகொண்டே இருக்கின்றன. இவற்றுள் சில இங்கால்ஸ் காலத்திலிருந்தே வழங்குபவை. இவ்வளவு கடுமை தேவையா எனக் கேட்கலாம். நவ்ய நியாய நடையே செயற்கையாக ஆக்கிக்கொள்ளப்பட்ட ஒரு துணைமொழி என்பதை நினைத்தால், எளிய ஆங்கிலத்தில் பெயர்ப்பதே பிழையாகும் எனக் கூறத் தோன்றுகிறது.

நியாயத்தின் கருத்துப்படி எதிர்மறையும் உலகில் உள்ள ஒன்றையே சுட்டுகிறது. ‘தரையில் குடம் இல்லை’ என்பது தரையில் குடத்தின் இன்மை உள்ளது எனப் பொருள்படும். அவ்வின்மையைக் கண்ணால் காணவும் இயலும். ‘குடம் ஆடை அன்று’ என்பது வேறு. அது குடத்திற்கும் ஆடைக்கும் உள்ள வேற்றுமையைக் கூறுகிறது. முன்னது தொடர்பின் இன்மை; பின்னது ஒன்று மற்றொன்று ஆகாமை. வடமொழியில் இரண்டிற்கும் ஒரே எதிர்மறை இடைச்சொல் வருவதால், எங்கு எப்பொருள் கொள்வது என்பதற்குத் தருக்க நூலார் இலக்கணத்தின் துணையை நாடினர். மறுக்கப்படுவதும் இடமும் ஒரே வேற்றுமையில் நின்றால் வேற்றுமைப்பொருள். இடம் ஏழாம் வேற்றுமையில் நின்றால் இன்மைப்பொருள் என்பது அவர்கள் கண்ட வழி. ஆங்கிலத்திலும் இதே நிலை. ஆகவே மதிலால் இதனை நீண்ட விளக்கத்தால் மட்டுமே உணர்த்த முடிகிறது.

தமிழ் மொழியியலார் இப்பகுதியைப் படிக்கும்போது வேறொன்றை நினையாமல் இரார். இவ்விரு எதிர்மறைகளையும் தமிழ் வெவ்வேறு வினைகளால் வேறுபடுத்துகிறது. ‘இல்’ என்பதும் ‘அல்’ என்பதும் அவற்றின் அடிகள். குறிப்புவினையின் பொருள்களைத் தொகுக்கும்போது தொல்காப்பியர் அன்மையையும் இன்மையையும் தனித்தனியே எண்ணுகிறார். நவ்ய நியாயம் வேற்றுமை உருபுகளைக் கொண்டு தருவிக்க வேண்டியிருந்ததைப் பழந்தமிழ் வினையடியிலேயே கொண்டுள்ளது. இதிலிருந்து தமிழர் நவ்ய நியாயத்தை முன்பே கண்டுவிட்டனர் எனக் கூறுவது வரம்பு மீறியதாகும்; மொழியின் அமைப்பு ஒன்று, அதனைப் பற்றிய கோட்பாடு மற்றொன்று. இன்றைய பேச்சுத் தமிழில் ‘அது குடம் இல்லை’ என்பதே பெருவழக்காகி, ‘இல்லை’ என்பது ‘அன்று’, ‘அல்ல’ ஆகியவற்றின் இடத்தையும் பெருமளவு கவர்ந்துகொண்டது என்பதும் கருதத்தக்கது. ஆயினும் நஞ்வாதத்தைத் தமிழாக்குவோர் எழுத்து வழக்கின் இவ்வேறுபாட்டைக் கைவிடாமல் பயன்படுத்தினால், ஆங்கிலத்தில் பல வரிகள் பிடிக்கும் விளக்கம் ஒரு சொல்லில் அடங்கும்.

1971ஆம் ஆண்டு நூலில் இன்மையைப் பற்றிய ஆய்வு இல்பொருட் சொற்களின்பால் திரும்புகிறது. ‘முயற்கொம்பு கூரியது’ என்பது மெய்யா பொய்யா? ‘முயற்கொம்பு இல்லை’ என்பதை ‘முயலினிடத்தில் கொம்பு இல்லை’ எனப் பிரித்துப் பொருள்கொள்வது நியாயத்தின் வழி. இல்லாத ஒன்றைப் பற்றி வாதிடுவோரிடம் பேசாமலிருப்பதே முறை என்பார் உதயனர். இதனை மதிலால் ரஸ்ஸலின் விவரிப்புக் கோட்பாட்டோடு ஒப்பிடுவது பொருத்தமாகவே உள்ளது. இரண்டிலும் தொடரின் மேற்பரப்பு வடிவம் நம்மை ஏமாற்றுகிறது என்ற கருத்து பொது. ஆனால் உதயனரின் மௌனம் வாதமேடையின் நெறியைச் சார்ந்தது. அதற்கு ரஸ்ஸலிடம் இணை இல்லை என்பதை மதிலால் இன்னும் அழுத்திக் கூறியிருக்கலாம்.

சொல்லைக் கற்கும் குழந்தை

‘சொல்லும் உலகும்’ ஆசிரியரின் மறைவுக்கு முந்திய ஆண்டில் வெளிவந்தது, சிறிய நூல். மொழியாராய்ச்சிக்கு இந்தியா அளித்த பங்கு என்பது அதன் துணைத்தலைப்பின் கருத்து. காரகக் கோட்பாடு, சொல் ஓர் அளவையாதல், சொற்பொருள் எது என்னும் வழக்கு ஆகியவை முற்பகுதியில் சுருங்கக் கூறப்படுகின்றன. மொழியியல் மாணவருக்கு முதல் அறிமுகமாக இப்பகுதி பயன்படும். அடையாறு நூலகத்தின் வழி 1963இல் வெளிவந்த குஞ்சுண்ணி ராஜாவின் ‘இந்தியப் பொருட்கோட்பாடுகள்’ இச்செய்திகளை இதைவிட விரிவாகத் தருகிறது. மதிலாலின் தனிப்பங்களிப்பு பிற்பகுதியில் உள்ளது.

அதில் ஒன்று, பி.கே. சென்னுடன் இணைந்து 1988இல் ‘மைண்ட்’ இதழில் எழுதிய கட்டுரையைச் சார்ந்த பகுதி. சொற்கள் தத்தம் பொருளைத் தனித்தனியே உணர்த்தியபின் அப்பொருள்கள் தம்முள் இயைகின்றன என்பர் பாட்டர். இயைந்த பொருளையே சொற்கள் உணர்த்துகின்றன என்பர் பிராபாகரர். தொடரின் சூழலில் அல்லாது சொல்லின் பொருளைக் கேளாதே என்ற ஃபிரேகேயின் கோட்பாட்டுக்குப் பின்னது அணுக்கமானது எனக் கட்டுரை வாதிடுகிறது. ஒப்புமை கூர்மையானது, ஆயினும் முழுமையாக ஏற்க இயலவில்லை. ஃபிரேகேக்கு வினா தருக்கத்தைப் பற்றியது. உளநிகழ்ச்சிகளை அதிலிருந்து விலக்குவதே அவர் நோக்கம். மீமாம்சகருக்கோ கேட்போன் உள்ளத்தில் எது முன் தோன்றுகிறது, குழந்தை எவ்வாறு கற்கிறது என்பவையே சான்றுகள். ஒருவர் விலக்குவதையே மற்றவர் அடிப்படையாகக் கொள்கிறார்.

குழந்தை பற்றிய அந்த எடுத்துக்காட்டு மொழியியலார்க்குச் சுவை மிக்கது. மூத்தவர் ஒருவர் ‘பசுவைக் கொண்டுவா’ என்கிறார், இளையவர் கொண்டுவருகிறார். பின் ‘பசுவைக் கட்டு’, ‘குதிரையைக் கொண்டுவா’ என ஏவல்கள் மாறுகின்றன. அருகிலிருக்கும் குழந்தை எது நீங்கும்போது எது நீங்குகிறது, எது சேரும்போது எது சேர்கிறது எனக் கண்டு சொற்களையும் பொருள்களையும் பிரித்தறிகிறது. இருபதாம் நூற்றாண்டின் அமைப்புமொழியியலார் கையாண்ட பதிலீட்டுச் சோதனையை இது நினைவூட்டும். குவைன் 1960இல் தம் ‘சொல்லும் பொருளும்’ என்னும் நூலில் கூறிய கதையையும் இது நினைவூட்டும். முன்பின் அறியாத மொழியைப் பேசும் ஒருவன் முயல் ஓடும்போது ‘கவாகாய்’ என்கிறான். அச்சொல் முயலைக் குறிக்கிறதா, முயலின் பிரியாத உறுப்பையா, ஒரு கணத்து முயற்தோற்றத்தையா என்பதை எவ்வளவு சான்று திரட்டினும் உறுதிசெய்ய இயலாது என்பது குவைனின் முடிவு. மதிலாலின் நூற்பெயரில் ஆசிரியர் குவைனுடைய நூற்பெயரின் எதிரொலி இருப்பது கவனிக்கத்தக்கது.

இரு கதைகளுக்கும் உள்ள வேறுபாடு மொழிபெயர்ப்பாளருக்கு இன்றியமையாதது. குவைனின் மொழியியலாளன் ஒரு மொழியை ஏற்கெனவே உடையவன், வெளியிலிருந்து வருபவன், தன் மொழியின் பகுப்புகளைப் பிறர்மீது ஏற்றுகிறானோ என்ற அச்சம் அவனுக்கு உண்டு. மீமாம்சகரின் குழந்தைக்கு முன்மொழி இல்லை. அது அச்சமூகத்துள்ளேயே வளர்கிறது. முன்னவனுக்குப் பெயர்ப்பு வேண்டும், பின்னதற்கு வேண்டா. இந்திய மரபில் பொருளறிதலுக்கான மூலக்காட்சி ஒருமொழிக் குழந்தையாக அமைந்துவிட்டதால், இருமொழியாளன் என்னும் மாந்தன் கோட்பாட்டின் மையத்துக்கு வராமலே போனான். மதிலால் இவ்விரு கதைகளையும் அறிந்தவர். ஆனால் இவ்வேறுபாட்டைப் பயன்கொள்ளவில்லை.

பர்த்ருஹரியும் மொழிபெயர்ப்பும்

நூலின் பிற்பகுதி பெரும்பாலும் பர்த்ருஹரியைப் பற்றியது. ஸ்போடத்தை மறைபொருளாகக் கருதாமல் மொழியலகாக விளக்கும் முயற்சி 1951இல் பிரஃப் எழுதிய கட்டுரையிலேயே உண்டு. மதிலால் அதனை மேலும் செம்மைப்படுத்துகிறார். வாக்கியமே முழுமையானது, சொற்களும் ஈறுகளும் கற்பிப்பதற்காகப் பிரித்தெடுக்கப்பட்டவை, சொல்லும் பொருளும் ஒரே ஒன்றின் இருபக்கங்கள், சொல் ஊடுருவாத அறிவு உலகில் இல்லை என்னும் பர்த்ருஹரியின் கருத்துகள் தெளிவாக எடுத்துரைக்கப்படுகின்றன. ‘சொல் ஊடுருவாத அறிவு இல்லை’ என்பதை வோர்ஃபின் கருதுகோளோடு இணைத்துப் பேசும் பழக்கம் உண்டு. அது பொருந்தாது. பர்த்ருஹரி கூறும் சொல்வித்து எம்மொழியையும் கற்பதற்கு முன்பே குழந்தையிடம் உள்ளது. மொழிதோறும் வேறுபடும் பார்வைகளைப் பற்றியது அன்று அவர் பேச்சு.

இவ்வடிப்படையில் மொழிபெயர்ப்பு பற்றிய இயல் எழுகிறது. பொருள் என்பது சொல்லிலிருந்து கழற்றத்தக்க ஒன்றானால், அதனைக் கழற்றி வேறு மொழியாடை அணிவிப்பதே மொழிபெயர்ப்பு. பர்த்ருஹரியின்படி ஆடையில்லாத பொருள் என ஒன்று இல்லை. ஆகவே மூலத்திலிருந்த ‘அதே பொருள்’ பெயர்ப்பில் உள்ளதா என அளந்து நல்லது தீயது கூற இயலாது. மதிப்பீட்டுக்கு வேறு அடிப்படை வேண்டும். மதிலால் சென்றடையும் இம்முடிவு இலக்கிய மொழிபெயர்ப்பாளர் பலருக்கு உவப்பானது. குவைனின் உறுதியின்மைக் கொள்கையும் வேறு வழியில் இவ்விடத்தையே நெருங்குகிறது.

ஆனால் இவ்வியலுக்கு வெளியே மதிலால் என்ன செய்கிறார்? ஞானத்தை ‘நாலெட்ஜ்’ எனப் பெயர்த்தது தவறு என்கிறார். தவறு என்று சொல்வதற்கு ஒரு நிலைக்களன் வேண்டும். வடமொழிச் சொல் எதனைக் குறிக்கிறதோ அதனை ஆங்கிலச் சொல் குறிக்கவில்லை என்பதே அந்நிலைக்களன். அதாவது இரு மொழிகளுக்கும் வெளியே, இரண்டும் சுட்டக்கூடிய ஒன்று உள்ளது என அவர் கொள்கிறார். இது பர்த்ருஹரியின் நிலை அன்று; முழுக்க நியாயத்தின் நிலை. நியாயத்தில் பொருள் சொல்லுக்குப் புறத்தே உலகில் உள்ளது. சொல்லுக்கும் அதற்கும் உள்ள உறவு ஏற்படுத்தப்பட்டது. ஆகவே வேறொரு சொல்லுக்கும் அவ்வுறவை ஏற்படுத்தலாம். மதிலாலின் முப்பதாண்டு உழைப்பு முழுவதும் இந்நம்பிக்கையின் மேல் நிற்கிறது. பர்த்ருஹரியைப் பற்றி எழுதும்போது அவர் அதனை மறந்தார் எனக் கூறுவது மிகை. ஆனால் இரண்டையும் எதிரெதிர் நிறுத்தித் தாம் எப்பக்கம் எனக் கூறாமல் சென்றார் என்பது உண்மை. பரிவோடு பிறர் கொள்கையை விளக்குவது அவருடைய பண்பு. இவ்விடத்தில் அப்பண்பே தீர்ப்பைத் தடுத்துவிட்டது.

நியாயத்தின் பக்கம் நிற்பதும் எளிதன்று என்பதைக் காட்டும் ஒரு வழக்கு மரபிலேயே உண்டு. சொல்லுக்குப் பொருளுணர்த்தும் சக்தி உண்டு என்ற நியாயர், அச்சக்தி வடமொழிச் செஞ்சொற்களுக்கே உரியது என்றனர். வட்டார மொழிச் சொற்கள் பொருள் உணர்த்துவது எவ்வாறு? அவற்றிலும் சக்தி உள்ளதாக மயங்குவதால் என்பது அவர்கள் விடை. பதினேழாம் நூற்றாண்டு இலக்கண அறிஞர் கௌண்டபட்டர் இதனை ஏற்கவில்லை. கேட்போர்க்கு ஒத்த பொருளுணர்வு பிறக்கும்போது ஒன்றில் சக்தியும் மற்றொன்றில் மயக்கமும் எனப் பிரிப்பதற்குக் காரணம் இல்லை என்பது அவர் பக்கம். உலகப்பொருள் எல்லா மொழிக்கும் பொது என்ற கொள்கையினர் பிறமொழிச் சொல்லின் உரிமையை மறுத்தனர்; சொல்லும் பொருளும் பிரியா என்ற இலக்கண மரபின் வழிவந்தவர் அவ்வுரிமையை வழங்கினர். மொழிபெயர்ப்பின் மெய்யியலுக்கு இதைவிட நெருங்கிய வழக்கு வடமொழி மரபில் வேறு கிடைப்பது அரிது. மதிலாலின் நூலில் இது மையத்துக்கு வராதது பெருங்குறை.

நூலின் துணைத்தலைப்பு பற்றியும் ஒன்று கூறவேண்டும். மொழியாராய்ச்சிக்கு ‘இந்தியா’ அளித்த பங்கு என்னும் அந்நூல் எடுத்துக்கொள்வது வடமொழி மரபையே. எல்லாச் சொல்லும் பொருள் குறிப்பன என்று கூறிய உடனே, சொல்லால் பொருளும் அறியப்படும், சொல் தானும் அறியப்படும் எனப் ‘பொருண்மை’, ‘சொன்மை’ என்ற இரண்டையும் பிரித்த தொல்காப்பியம், அதற்குச் சேனாவரையர் முதலியோர் எழுதிய உரைகள், பதினெட்டாம் நூற்றாண்டில் தருக்க சங்கிரகத்தைத் தமிழாக்கிய சிவஞான முனிவரின் பணி ஆகியவை அதன் எல்லைக்குள் வரவில்லை. ஒருவர் எல்லாம் எழுத இயலாது. நியாயப் பண்டிதரிடம் தமிழ் மரபை எதிர்பார்ப்பதும் முறையன்று. தலைப்பைச் சுருக்கியிருந்தால் போதும். ஆனால் இவ்விடுபாட்டால் இழப்பு மதிலாலின் வாதத்துக்கே. கலைச்சொல்லை மற்றொரு மொழிக்குக் கொண்டுசெல்லும்போது கோட்பாட்டுக்கு என்ன நேர்கிறது என்பதற்கு, ஆங்கிலத்துக்கு முற்பட்ட சான்றுகள் தமிழில் உள்ளன. பதின்மூன்றாம் நூற்றாண்டுச் சிவஞான சித்தியாரின் அளவைப் பகுதி பிரத்தியட்சம், அனுமானம், சப்தம் ஆகியவற்றைக் காண்டல், கருதல், உரை எனத் தருகிறது. ‘சப்தம்’ ஒலியையும் சொல்லையும் சான்றோர் கூற்றையும் ஒருங்கே குறிப்பதால் மதிலால் அதனை இடத்திற்கேற்ப வெவ்வேறாகப் பெயர்க்க வேண்டியிருந்தது. அருணந்தி சிவாசாரியார் ஒலியையும் சொல்லையும் விலக்கி, அளவையாக நிற்கும் கூற்றை மட்டும் தெரிந்துகொண்டார். பெயர்ப்பே விளக்கமாகிவிட்டது.

‘பொருள்’ என்னும் சொல்லில் நிலைமை நேர்மாறு. வடமொழியின் ‘அர்த்தம்’ கருத்து, குறிக்கப்படும் பண்டம், பயன், செல்வம் எனப் பலவற்றைக் குறிக்கும். ஆங்கிலத்தில் எழுதிய மதிலால் ஒவ்வோரிடத்திலும் கருத்தா, குறிக்கப்படும் பண்டமா எனத் தேர வேண்டியிருந்தது. அத்தேர்வின் வழியாகவே, நியாயத்தில் ‘அர்த்தம்’ பெரும்பாலும் பண்டத்தையே குறிக்கிறது, ஃபிரேகே கூறிய கருத்துநிலைக்கு அங்கு இடம் குறைவு என்ற முடிவை எட்டினார். தமிழில் ‘பொருள்’ என்பதும் அதே பலபொருள் ஒருசொல்லாதலால், தமிழாக்குவோர் எங்கும் தேராமலே நூல் முழுவதையும் கடந்துவிட முடியும். படிப்பதற்குத் தடையிராது, ஆனால் மதிலால் எதனை மெய்ப்பிக்க முயன்றாரோ அது மறைந்துபோகும். ஆங்கிலத்தின் வறுமை அவரைச் சிந்திக்கச் செய்தது; தமிழின் இணக்கம் சிந்தனையைத் தவிர்க்க உதவக்கூடும்.

அவர் மறைந்தபின் 1994இல் வெளிவந்த ‘சொற்களிலிருந்து அறிதல்’ என்னும் தொகுதியை அரிந்தம் சக்கரவர்த்தியும் அவரும் பதிப்பித்தனர். ஸ்ட்ராசன், டம்மட், மக்டவல் முதலியோர் அதில் எழுதியுள்ளனர். பிறர் கூறக் கேட்டறிவது காட்சியாலோ கருதலாலோ ஆகாத தனி அளவையா என்ற நியாய வினாவை ஆங்கில மெய்யியலார் தம் வினாவாகவே எடுத்துக்கொண்டு விவாதிப்பதை அதில் காணலாம். வடமொழி அறியாத அவர்களிடம் அவ்வினா சென்று சேர்ந்தது மொழிபெயர்ப்பின் வழியாகத்தான். சென்று சேர்ந்தது அதே வினாதானா எனப் பர்த்ருஹரி கேட்டிருப்பார். அத்தொகுதியில் நிகழும் விவாதங்கள் ஒன்றையொன்று மறுக்கின்றன, திருத்துகின்றன. வினா வேறாகியிருந்தால் அவ்வாறு மறுக்க இயலாது என நியாயர் விடையிறுப்பர். இரண்டாம் விடையே இதுவரை வலுவுடையதாகத் தோன்றுகிறது. ‘சொல்லும் உலகும்’ தமிழாக்கம் பெறுமானால், மொழிபெயர்ப்பு பற்றிய அவ்வியலைத் தமிழாக்குபவர் அதன் முடிவை எழுதிக்கொண்டிருக்கும்போதே, முந்தைய இயலில் ‘ஞானம்’ என்பதற்குத் தாம் இட்ட சொல் சரியா என்று திரும்பிச் சென்று பார்ப்பார்.